சின்னமும் சுமப்பவனும்

மஃரிப் தொழுகை முடிந்து பிள்ளைகளுக்கு ஓதிக்கொடுத்துக் கொண்டிருந்த நேரம். என்னிடம் முன்பு ஓதிய மாணவர் ஒருவர் கையில் ஒரு பனியனுடன் வாசலில் வந்து நின்றார். எங்கள் நல்லூரில், காங்கயம் சாலையிலிருந்து பிரியும் தெரு ஒன்றில், அவர் பனியன் துணிக்கு அச்சிடும் பட்டறை நடத்துகின்றார். பிள்ளைகளை அனுப்பிவிட்டு அவரை உள்ளே அழைத்தேன். ஸலாம் கூறி அமர்ந்தவர், ஒன்றும் பேசாமல் பனியனை என் முன்னே விரித்தார்.

மண் நிறப் பனியன். மார்பின் நடுவில் ஒரு பிறை. பிறையின் வாயில் ஒரு நட்சத்திரம். அதன் கீழே குறுக்காக வைத்த இரு வளைந்த வாட்கள். இவற்றைச் சுற்றி, அரபி எழுத்துப் போன்ற சுழிகள் வட்டமாக ஓடின.

"ஹஜ்ரத், இது வெளிநாட்டு ஆர்டர். ஏதோ கம்ப்யூட்டர் விளையாட்டில் வரும் இல்லாத நாடு ஒன்றின் முத்திரையாம். சாம்பிளுக்கு ஐந்து பீஸ் அடித்தோம். மேசையில் நிற்கும் பையன்களில் இருவர் நம்மவர்கள், பீகாரிலிருந்து வந்தவர்கள். இதை அடிக்க மாட்டோம் என்று ஸ்கிரீனைக் கீழே வைத்துவிட்டார்கள். நான் என்ன செய்யட்டும்?" என்றார்.

தொழில் அறியாதவர்களுக்கு இக்கேள்வியின் கூர்மை புலப்படாது. அச்சில் சாயம் பிசகிய துணி கழிவாகும். கழிவுத் துணி வேஸ்ட் கடைக்குப் போய், அங்கிருந்து இயந்திரத்தின் எண்ணெய் துடைக்கப் போகும். சற்றே தப்பியவை காதர்பேட்டையில் செகண்ட்ஸ் என்று விலையாகும். வேலை முடிந்ததும் ஸ்கிரீனைக் கழுவுவார்கள். கழுவிய சாயம் வாய்க்காலில் ஓடும். சுற்றிலும் இருப்பது இறைவனின் பெயர் என்றால், அப்பெயர் எங்கெங்கே போய்ச் சேரும் என்பதை அந்த இரு பையன்களும் எங்களைவிட நன்றாக அறிவார்கள். அவர்கள் கைதானே அதைக் கழுவ வேண்டும்?

மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு சுழிகளைப் படிக்க முயன்றேன். அலிஃப் என்னும் எழுத்து தனக்குப் பின் வரும் எழுத்தோடு சேர்வதில்லை என்பது அரபி தொடங்கும் சிறு பிள்ளையும் அறிந்த விதி. இங்கோ அலிஃப் அடுத்ததோடும் அதற்கடுத்ததோடும் சங்கிலியாகப் பிணைந்திருந்தது. புள்ளிகள் இருக்க வேண்டிய இடத்தில் இல்லை. இருந்த இடத்தில் அவற்றுக்கு வேலையில்லை. வரைந்தவர் அரபி படித்தவர் அல்லர். எழுத்தின் தோற்றத்தை மட்டும் பார்த்து வரைந்திருக்கின்றார். ஆயினும் ஓரிடத்தில் என் கண் நின்றுவிட்டது. இரண்டு நெடுங்கோடுகளும் ஒரு சுழியும் தற்செயலாக அடுத்தடுத்து வந்து, லாம், லாம், ஹா என்று படிக்க இடந்தந்தன. அவசரமாகப் பார்ப்பவர் கண்ணுக்கு அது இறைவனின் திருப்பெயராகவே படும்.

இத்தகைய தற்செயல்கள் உலகில் புதியனவல்ல. 1997-இல் நைக்கி நிறுவனம் தன் காலணிகளில் 'ஏர்' என்னும் ஆங்கிலச் சொல்லைத் தீச்சுடர் வடிவில் எழுத, அது அரபியில் அல்லாஹ் என்பது போலத் தோன்றியது. அமெரிக்க முஸ்லிம்கள் முறையிட்ட பின் ஏறத்தாழ 38,000 ஜோடிகளை அந்நிறுவனம் திரும்பப் பெற்றுக்கொண்டது. அதற்கு மூன்றாண்டுகள் முன்னர், 1994-இல், பாரிஸ் நகரில் ஷானெல் நிறுவனத்தின் ஆடைக் காட்சியில் பெண்ணுடை ஒன்றின் மேல் திருமறை வசனமே எழுதப்பட்டிருந்தது. அதைக் காதல் கவிதை என்று எண்ணிவிட்டதாக வடிவமைத்தவர் கூறி வருத்தம் தெரிவித்தார். முன்னது கண்ணின் பிழை, பின்னது அறியாமை. இரண்டிலும் பகைமை இருந்ததாக எனக்குத் தோன்றவில்லை.

எழுத்தின் கதை இருக்கட்டும். பையன்களைத் தடுத்தது எழுத்து மட்டுமன்று, பிறையுந்தான். "நம் பிறையைக் கத்திக்கு மேலே போட்டிருக்கிறார்கள்" என்று அவர்கள் சொன்னதாக மாணவர் கூறினார். நம் பிறை! அந்தச் சொல் என்னை இரவு வெகுநேரம் விழிக்க வைத்தது.

பிறை நம்முடையதா? தலைப்பிறைகளைப் பற்றி மக்கள் வினவியபோது, அவை மனிதருக்கும் ஹஜ்ஜுக்கும் காலங்காட்டுபவை என்று மட்டுமே சூரத்துல் பகரா விடை பகர்கின்றது. சூரியனுக்கும் சந்திரனுக்கும் சிரம் பணியாதீர்கள் என்ற கட்டளையோ வேறோர் அத்தியாயத்தில் வெளிப்படையாகவே உள்ளது. பெருமானார் (ஸல்) அவர்கள் மதீனாவில் எழுப்பிய பள்ளியின் கூரை பேரீச்ச மட்டையால் ஆனது. அதன்மேல் மினாராவும் இல்லை, பிறையும் இல்லை. பிறையும் நட்சத்திரமும் சேர்ந்த வடிவமோ இஸ்லாத்துக்குப் பல நூற்றாண்டுகள் முன்னரே பைஸாந்தியம் நகரின் நாணயங்களில் இருந்தது. பாரசீக ஸாஸானிய மன்னர்களின் வெள்ளிக் காசுகளிலும் இருந்தது. உதுமானியத் துருக்கியர் அதைத் தம் கொடியில் ஏற்றிய பின்னரே, பிற்காலத்தில், அது முஸ்லிம் நாடுகளின் பொதுச் சின்னம் போலப் பரவிற்று. ஸஊதி அரபியாவின் கொடியில் பிறை இல்லை. சிங்கப்பூரின் கொடியில் இருக்கின்றது, அங்கே அது வளரும் இளநாட்டைக் குறிப்பது. இதையெல்லாம் விட நமக்கு அருகிலேயே, பிறைசூடி என்று சிவபெருமானை அழைக்கும் அண்டை வீட்டார் ஆயிரமாண்டுகளாக இம்மண்ணில் வாழ்கின்றனர். நோன்புப் பிறை பார்க்க நாம் மாடி ஏறும் அதே மேற்கு வானத்தில்தான் அவர்களும் மூன்றாம் பிறை தேடுகின்றனர். நிலவுக்குப் பட்டா எழுதிக் கொள்ள யாராலும் இயலாது.

ஆனாலும் அந்த இளைஞர்களின் வருத்தத்தைப் பொய் என்று நான் தள்ளவில்லை. ஏனெனில் அவர்கள் கண்டது வெறும் பிறையை அன்று. பிறை வைக்கப்பட்ட இடத்தை. என் இளைய மகனிடம் கேட்டபோது அவன் இதுபோன்ற ஒன்றை எடுத்துச் சொன்னான். ஜப்பானின் நிண்டெண்டோ நிறுவனம் 1998-இல் 'செல்டா' வரிசையில் ஒரு விளையாட்டை வெளியிட்டது. அதன் கற்பனை நாட்டில் பாலைவனத்தில் வாழும் கெருடோ என்னும் கூட்டத்தார் திருட்டைத் தொழிலாகக் கொண்டவர்கள். அவர்களின் சின்னம் பிறையும் நட்சத்திரமும். அதே விளையாட்டில் நெருப்புக் கோயில் ஒன்றின் பின்னணி இசையில் இஸ்லாமிய ஓதலின் குரல் கலந்திருந்தது. பின்னர் வந்த பதிப்புகளில் ஓதல் நீக்கப்பட்டது. சின்னமும் வேறாக மாற்றப்பட்டது. பாலைவனம் என்றதும் வளைந்த வாள், வளைந்த வாள் என்றதும் கள்வர், கள்வர் என்றதும் பிறை என்று வரைபவரின் கை தானாகவே ஓடியிருக்கின்றது. கற்பனை நாடு என்கிறோம். ஆயின் அதற்கு வேண்டிய செங்கல்லும் சுண்ணாம்பும் உண்மை நாட்டிலிருந்துதானே வந்தன?

கற்பனையின் மீது எனக்குக் குறையில்லை என்பதையும் இங்கே கூறிவிட வேண்டும். நம் உமறுப்புலவர் சீறாப்புராணத்தில் படைத்த அரபு நாடும் ஒருவகையில் கற்பனை நாடே. அங்கே மழை பொழிகின்றது, ஆறு பெருகுகின்றது, நெல் விளைகின்றது. அரபகத்தைக் கண்டறியாத புலவர் தம் தமிழ் நிலத்தையே எடுத்து அதற்கு உடுத்தினார். அது அன்பினால் செய்த கற்பனை. விளையாட்டுக்காரர் செய்தது பழக்கத்தினால் செய்தது. இரண்டுக்கும் உள்ள தூரத்தை அளக்க நம் மனத்தைத் தவிர வேறு கோல் இல்லை.

இனி, இவ்வகைக் கற்பனை உலகங்களில் புனிதச் சின்னம் என்ன வேலை செய்கின்றது என்று பார்த்தால், எல்லாவற்றிலும் ஒரே வேலைதான். ஆயிரத்தோர் இரவுகள் கதையில் மீனவன் வலையில் செம்புச் சாடி ஒன்று சிக்குகின்றது. அதன் வாய் ஈயத்தால் மூடப்பட்டு, சுலைமான் நபி (அலை) அவர்களின் முத்திரை பதிந்துள்ளது. அம்முத்திரை உள்ளவரை உள்ளே அடைபட்ட ஜின் அசைய முடியாது. முத்திரையைப் பெயர்ப்பவன் நல்லவனா தீயவனா என்று அது கேட்பதில்லை. 1975-இல் வந்த 'தீவார்' என்னும் இந்தித் திரைப்படத்தைப் பலரும் கண்டிருப்பீர்கள். துறைமுகக் கூலியாள் ஒருவனின் தோள்வில்லை எண் 786. அவன் கடத்தல்காரன் ஆன பின்னும் அந்த வில்லை குண்டைத் தடுத்து அவன் உயிரைக் காக்கின்றது. அது கையை விட்டு நழுவும்போதுதான் அவன் சாகின்றான். அவன் தொழுததாலோ தவறை விட்டதாலோ அது அவனைக் காத்ததாகக் கதை சொல்லவில்லை. வில்லை சட்டைப்பையில் இருந்தது, அவ்வளவே. கற்பனை உலகில் சின்னம் மனிதனைச் சுமக்கின்றது. நாம் வாழும் உலகில் மனிதன்தான் சின்னத்தைச் சுமக்க வேண்டியிருக்கின்றது.

திருமறை கூறும் சுலைமான் நபியின் வரலாற்றில் மந்திர மோதிரம் இல்லை. மோதிரக் கதைகள் பிற்கால விரிவுரைகளில், இஸ்ரவேலர் வழிச் செய்திகளிலிருந்து வந்து கலந்தவை. திருமறை காட்டுவது ஒரு கைத்தடி. அதன்மீது சாய்ந்தபடியே நபியவர்களின் உயிர் பிரிந்தது. நின்ற கோலம் மாறாததால் ஜின்கள் அஞ்சி உழைத்துக்கொண்டே இருந்தன. கறையான் தடியை அரித்து, உடல் சாய்ந்த பின்னரே உண்மை தெரிந்தது. எத்தனை முறை ஓதினாலும் இவ்விடத்தில் என் குரல் தாழ்கின்றது. உயிர் போன பின்னும் தோற்றத்துக்கு முன் அடங்கி உழைத்தவை, மறைவானதை அறிவோம் என்று எண்ணப்பட்ட ஜின்களே அல்லவா!

786-இன் பிறப்பும் மரியாதையில்தான். பிஸ்மில்லாஹிர் ரஹ்மானிர் ரஹீம் என்பதன் எழுத்துக்களுக்கு அப்ஜத் முறையில் எண் கொடுத்துக் கூட்டினால், பிஸ்மி 102, அல்லாஹ் 66, அர்ரஹ்மான் 329, அர்ரஹீம் 289, ஆக 786. கடிதமும் கணக்கும் குப்பையில் விழக்கூடும், காலில் மிதிபடக்கூடும் என்று அஞ்சிய நம் நாட்டுப் பெரியவர்கள், திருச்சொல்லை எழுதாமல் எண்ணை எழுதினார்கள். இதை ஏற்காத ஆலிம்களும் உண்டு. எண்ணை எழுதியதால் பிஸ்மி கூறிய நன்மை வராது என்பது அவர்கள் கூற்று, அதுவே எனக்கும் சரியெனப் படுகின்றது. ஆயினும் அந்த அச்சத்தின் அழகை நான் மறுக்க மாட்டேன். இன்றோ 786 என்று முடியும் ரூபாய் நோட்டுக்குத் தனி விலை பேசுகின்றார்கள். திருப்பெயரைக் காக்கப் பிறந்த எண், இப்போது நம்மைக் காக்கும் வேலைக்கு அமர்த்தப்பட்டிருக்கின்றது.

பெருமானார் (ஸல்) அவர்களுக்கும் ஒரு முத்திரை மோதிரம் இருந்தது. முத்திரையில்லாத கடிதத்தை அயல்நாட்டு மன்னர் படிக்க மாட்டார்கள் என்று தோழர்கள் கூறியபின் செய்வித்துக்கொண்டது அது. முஹம்மது, ரஸூல், அல்லாஹ் என்று மூன்று வரிகள். தம் மோதிரத்தின் வாசகத்தை வேறு எவரும் பொறிக்கக் கூடாது என்று தடுத்தார்கள். கழிவறை செல்லும்போது அதைக் கழற்றி வைப்பார்கள் என்றும் ஓர் அறிவிப்பு அபூதாவூதில் உண்டு. அதை 'முன்கர்' என்று அந்நூலாசிரியரே குறித்திருக்கின்றார், எனினும் அதன்படி பேணிக்கையாகவே நம் முன்னோர் நடந்துள்ளனர். அம்மோதிரம் அபூபக்ர், உமர், உஸ்மான் (ரலி) ஆகியோரின் கைகளில் முறையே இருந்து, உஸ்மான் (ரலி) அவர்கள் காலத்தில் அரீஸ் என்னும் கிணற்றில் விழுந்துவிட்டது. கிணற்று நீரை இறைத்துத் தேடியும் கிடைக்கவில்லை. மோதிரம் போன பின்னும் மார்க்கம் இருந்தது.

அதன் பின் சில பத்தாண்டுகளில் இறைவனின் பெயர் சந்தைக்கே வந்தது. தொடக்கத்தில் முஸ்லிம்கள் பாரசீக மன்னரின் உருவமும் நெருப்பு மேடையும் கொண்ட காசுகளையே, ஓரத்தில் பிஸ்மில்லாஹ் சேர்த்து, புழங்கினார்கள். ஹிஜ்ரி 77-இல் (கி.பி. 696–697) கலீபா அப்துல் மலிக் உருவங்களை அகற்றி, ஏகத்துவ வாசகங்கள் மட்டுமே பொறித்த தீனாரை வெளியிட்டார். அத்தகைய காசு தொழுகையாளியின் கையிலும் இருக்கும், சூதாடியின் கையிலும் இருக்கும். உளூ இல்லாத கையில் திருவாசகம் படுவதை வெறுத்த மார்க்க அறிஞர்கள் இருந்தார்கள். ஆயினும் காசு நிற்கவில்லை. இன்று ஒரு பனியனைக் கையில் வைத்துக்கொண்டு நாம் கேட்கும் கேள்வியை அவர்கள் அன்றே கேட்டுவிட்டார்கள்.

அவமதிப்பு என்றால் என்ன என்பதை வரலாற்றில் இரு காட்சிகளை வைத்தே நான் சிந்திப்பது வழக்கம். ஹிஜ்ரி 37-இல் ஸிஃப்பீன் களத்தில் ஒரு தரப்பார் திருமறையின் ஏடுகளை ஈட்டி முனைகளில் கட்டி உயர்த்தினார்கள். ஏடு கீழே விழவில்லை, எவரும் மிதிக்கவில்லை, எல்லோர் தலைக்கும் மேலேயே அது நின்றது. ஆயினும் அதை உயர்த்திய நோக்கம் என்ன என்று அலி (ரலி) அவர்கள் தம் மக்களை எச்சரித்தார்கள். பின்னர் தீர்ப்பு இறைவனுக்கே என்று முழங்கிக்கொண்டு பிரிந்து சென்றவர்களைப் பற்றியும், சொல் உண்மை, அதைக்கொண்டு நாடுவதோ பொய் என்னும் கருத்துப்படக் கூறினார்கள். தலைக்குமேல் தூக்கிப் பிடித்தும் ஒன்றைத் தாழ்த்த முடியும் போலும்.

மற்றது முஅத்தா களம், ஹிஜ்ரி 8. கொடி ஏந்திய ஜஅஃபர் (ரலி) அவர்களின் வலக்கரம் வெட்டுண்டது, இடக்கரத்தில் ஏந்தினார்கள். அதுவும் வெட்டுண்டது, எஞ்சிய கைகளால் மார்போடு அணைத்துக்கொண்டார்கள். அக்கொடி ஒரு துணித்துண்டு. அதில் அப்போது குருதியும் புழுதியும் படிந்திருக்கும். அசுத்தமாயிற்று என்று யாராவது சொல்வார்களா? இவ்வரலாற்றைப் பிள்ளைகளுக்குச் சொல்லும்போதெல்லாம் எங்கள் திருப்பூரின் மற்றொரு துணித்துண்டும் நினைவுக்கு வராமல் இராது. சென்னிமலையில் நெசவாளர் குடும்பத்தில் பிறந்த குமரன், 1932 ஜனவரி 10 அன்று இதே ஊரின் வீதியில் தடியடி பட்டு விழுந்தபோதும் கையிலிருந்த கொடியை விடவில்லை. மறுநாள் உயிர் நீத்தார். அவர் பெயரில் எழுந்த நினைவு மண்டபத்தைக் கடந்துதான் நாம் தினமும் பனியன் மூட்டைகளை ஏற்றிச் செல்கின்றோம். நாள்தோறும் இலட்சக்கணக்கில் துணி தைக்கும் ஊரில் அந்த ஒரு முழத் துணிக்கு மட்டும் ஏன் அத்தனை கனம்?

மறுநாள் மாணவரிடம் என் கருத்தைச் சொன்னேன். பிறை வானத்துப் பொருள், அதை அச்சிடுவதால் குற்றமில்லை; சுற்றிலும் உள்ள எழுத்தை மாற்றச் சொல்லுங்கள், காரணத்தையும் மறைக்காமல் எழுதுங்கள் என்றேன். ஆர்டர் போய்விடுமோ என்று அவர் தயங்கியது நியாயமே. கூலிக்கு அச்சிடும் சிறு பட்டறைக்காரர் வெளிநாட்டு வியாபாரியிடம் திருத்தம் கேட்பது எளிதன்று. ஆயினும் எழுதினார். இரண்டே நாளில் பதில் வந்தது. எழுத்துச் சுழிகள் போய் இலைக்கொடி வந்திருந்தது. வாட்களையும் அவர்களாகவே எடுத்துவிட்டிருந்தார்கள். பையன்கள் இருவரும் ஸ்கிரீனைக் கையில் எடுத்தார்கள். பிறையை விட்டுக்கொடுத்தேன் என்று பள்ளிவாசலில் ஓரிருவர் என்மேல் வருத்தப்பட்டதுண்டு. அவர்களோடு வாதாட நான் விரும்பவில்லை.

சனிக்கிழமை மாலை, வேலையை வந்து பாருங்கள் என்று மாணவர் அழைத்தார். சென்றேன். வாரச் சம்பளம் கொடுக்கும் நேரம். மேசைமேல் சம்பள நோட்டு விரிந்திருந்தது. ஒவ்வொரு பக்கத்தின் தலையிலும் 786 என்று சிவப்பு மையில் அழகாக எழுதியிருந்தது. பீஸ் மடிக்கும் பெண்மணி ஒருவர், என்னைவிடச் சற்று இளையவர், வரிசையில் முன்னே நின்றார்.

"ஏனுங்க பாய், எல்லா நோட்டுலயும் மேலே இந்த நம்பரைப் போடறாங்களே, அது என்னங்க?" என்று என்னிடம் கேட்டார்.

அளவற்ற அருளாளனும் நிகரற்ற அன்புடையோனுமாகிய இறைவனின் பெயரால் தொடங்குகிறோம் என்று அதற்குப் பொருள் என்றேன். எத்தனை ஆண்டுகளாக எத்தனை பேருக்குச் சொல்லிய விளக்கம்! அவர் தலையசைத்துக் கேட்டுக்கொண்டார். பிறகு விரலை மேலிருந்து மெல்லக் கீழே நகர்த்தித் தம் பெயரில் வைத்தார்.

"அப்ப சாமி பேருக்குக் கீழேதானுங்க எழுதியிருக்குது. வியாழக்கிழமை ஒன்றரை ஷிப்ட் பார்த்தனுங்க. இதுல ஒண்ணுன்னு இருக்குது."

அவர் குரலில் குத்தல் இல்லை. கேட்டதைக் கேட்டார், அவ்வளவே. மாணவர் என்னைப் பார்த்தார். நான் நோட்டின் தலைப்பைப் பார்த்துக்கொண்டிருந்தேன். என் மக்தபின் கட்டண நோட்டிலும் இதே எண்தான் இருக்கின்றது, அதன் கீழே உள்ள கணக்கை நான் கடைசியாகச் சரிபார்த்தது எப்போது என்று நினைத்துக்கொண்டேன்.

"விட்டுப் போயிருக்கும், அக்கா" என்று கூறி மாணவர் பேனாவை எடுத்தார். ஒன்றை ஒன்றரை ஆக்கினார். அந்தப் பெண்மணி நகரவில்லை. தம் பின்னால் நின்ற மற்றொரு பெண்ணின் பெயரையும், போன வாரத்து நாள் ஒன்றையும் சொன்னார். மாணவர் சற்று நேரம் பேசாதிருந்தார். பிறகு நாற்காலியை இழுத்துப் போட்டு அமர்ந்து, நோட்டைப் பின்னோக்கிப் புரட்டத் தொடங்கினார். இஷாவுக்குப் பாங்கு ஒலித்தபோதும் அந்த நோட்டு மூடப்படவில்லை.